காதில் இருந்த தொண்டிப் பொருள்

எஸ்தரின் காதுக்குப் பின்னால் ஒட்டியிருந்த காது கேட்கும் கருவி திருட்டுப் பொருள்தான். அதன் எண் திருட்டுப் புகாரில் இருந்த எண்ணோடு பொருந்தியது. பறிகொடுத்தவர் வேறொன்று வாங்கி மாட்டியும்விட்டார். ஆனால் புதிய சட்டத்துக்கு எண் மட்டும் போதாது. அந்தக் கருவியால் அவளுக்குக் காது கேட்கிறது என்று நிரூபித்தால்தான், திருட்டுப் பொருளை வீட்டார் வைத்திருந்ததாக வழக்குப் போட முடியும். கேட்காவிட்டால் அது வெறும் பழைய சாமான், அவளே வைத்துக்கொள்ளலாம். அவ்வளவு நியாயமான சட்டம்.

"அது ஓடல சார். சும்மா வெளாட்டுக்கு மாட்டியிருக்கா," என்றாள் அம்மா ஜெபசெல்வி. சந்தையில் அதை வாங்கி வந்தவள் அவள்தான். என்ன சத்தம் கேட்டாலும் திரும்பக் கூடாது என்று ஆறு வயது மகளைப் பழக்கி ஸ்டேஷனுக்கு அழைத்து வந்திருந்தாள்.

இன்ஸ்பெக்டர் தனுஷ்கோடி சிறுமியைச் சுவரைப் பார்த்து நிற்கவைத்தார். பின்னாலிருந்து கைதட்டினார். பெயர் சொல்லிக் கூப்பிட்டார். எவர்சில்வர் தட்டைத் தரையில் போட்டார். எஸ்தர் அசையவில்லை.

பிறகு குரலை உயர்த்தாமல் பெண் காவலரிடம் சொன்னார்: "சரி, இவ அம்மாவ ஜீப்ல ஏத்துங்க. இனி வீட்டுக்கு வர மாட்டா."

எஸ்தர் ஓடிவந்து அம்மாவின் சேலையைப் பிடித்துக்கொண்டாள்.

"கேக்குதுன்னு எழுதிக்குங்க," என்றார் தனுஷ்கோடி.

"இனிமே திரும்ப மாட்டேன் சார்," என்று அழுதாள் எஸ்தர்.

பெண் காவலர் கருவியைக் கழற்றி உறையில் போட்டு அரக்கு வைத்தார். எஸ்தர் தானாகவே போய் மறுபடி சுவரைப் பார்த்து நின்றுகொண்டாள்.

அவளுக்குப் பின்னால் ஜெபசெல்வியை இழுத்துப் போனார்கள். மகளின் பெயரைச் சொல்லி அலறிக்கொண்டே போனாள். எஸ்தர் திரும்பவில்லை.