மீனை அழிக்கப் போன மட்டை

அந்த ஊர் ராஜாவுக்கு இயேசுவைக் கும்பிடுகிறவர்கள் என்றாலே ஆகாது. அவர்கள் கூடி ஜெபித்த வீட்டைக் கொளுத்தினான். அகப்பட்டவர்களைச் சிறையில் தள்ளினான். தப்பியவர்கள் தங்கள் அடையாளமாகத் தெருச்சுவரில் கரியால் ஒரு மீனை வரைந்தார்கள். அதை அழிக்க, வெள்ளையடிக்கிற மட்டையை ராஜா அனுப்பினான்.

ராஜாவே அனுப்பிய பெருமையில் மட்டைக்குத் தலைகால் புரியவில்லை. சுண்ணாம்பில் முங்கி எழுந்து, ஒரே இழுப்பில் மீனை மூடியது. அந்த இடம் மட்டும் திட்டாகத் தெரிந்தால் தன் தொழிலுக்கே அசிங்கம் என்று தெரு முழுக்க அடித்துத் தள்ளியது.

விடிந்து பார்த்தால், சுவருக்குச் சுவர் மீன்! புகையேறிய பழைய சுவரில் கிட்டப் போனால்தான் தெரிந்தது. இப்போது வெள்ளைச் சுவரில் தெருமுனையிலிருந்தே தெரிந்தது.

கீழே ஒரு கரித்துண்டு கிடந்தது.

"யாருடா நீ?" என்று மட்டை அதட்டியது.

"எரிஞ்சுபோன அந்த வீட்டுக் கதவு நான். என்னை மாதிரி அங்கே நிறையப் பேர் கிடக்கோம் அண்ணே. அள்ள அள்ளக் குறையலை."

மட்டை பல்லைக் கடித்தது. "இரு, இன்னொரு பூச்சு அடிக்கிறேன்!"

"நல்லா அடிங்கண்ணே," என்றது கரித்துண்டு. "அப்படியே பின்தெருவுக்கும் வந்துட்டுப் போங்க. அங்கே புதுசா ஞானஸ்நானம் எடுத்தவங்க நிறைய. சுவர்தான் ஒரே அழுக்கு."