எல்லாரும் நிற்கிற படம்

தாலி கட்டி முடிந்ததும் நிரோஜன் ஊர்ச்சனம் முழுவதையும் கோயில் வெளிவீதியில் கூட்டி நிறுத்தினான். மூன்று வயதில் பாரிசுக்குப் போனவன். தன் சனத்தோடு தானும் நிற்கிற ஒரு படம் வேண்டுமென்று ட்ரோன் கமராவுக்குச் சொல்லியிருந்தான். அது மேலே எழும்பி இரையத் தொடங்கியதும் சிரிப்பெல்லாம் நின்றது. எல்லாரும் மருதமரங்களுக்குக் கீழே போனார்கள். மணப்பெண் கஜந்தினியும் கூறைச்சேலையைத் தூக்கிப் பிடித்தபடி போனாள்.

வெயிலில் அவன் மட்டும் நின்றான்.

"மாப்பிள்ளை, படத்துக்கு நீர் ஒருத்தரே போதும்," என்றார் அவளுடைய அம்மான்.

நிரோஜன் வெட்கப்பட்டுக் கமராவை இறக்கச் சொன்னான். இரைச்சல் அடங்கியது.

"சரி, அது போயிட்டுது. எல்லாரும் வாங்கோ."

ஒருவரும் வரவில்லை. அம்மான் மணலில் குப்புறப் படுத்தார். பிறகு எல்லாரும் படுத்தார்கள்.

"ஐயோ, ஏனப்பா நிப்பாட்டினீங்கள்?" கஜந்தினி அவன் கையைப் பிடித்து இழுத்தாள். "உளவு பாத்திட்டு அது போனாப் பிறகுதானே ஆமிக்காரங்கள் செல்லடிப்பாங்கள். படுங்கோ!"

பட்டுவேட்டியோடு படுத்தான். பக்கத்தில், போர் முடிந்து எத்தனையோ வருடம் கழித்துப் பிறந்த சிறுமி ஒருத்தி இரண்டு காதையும் பொத்தி, வெடியில் செவிப்பறை கிழியாமலிருக்க வாயை ஆவென்று திறந்தபடி கிடந்தாள். நிரோஜன் அவளைப் பார்த்துப் பார்த்து அப்படியே செய்தான்.