கைராசிக்காரி

"அந்தக் கையை இப்படிக் காட்டும்மா, ஒரு தடவை நல்லாப் பார்த்துக்கறேன்!"

முதலாளி சொன்னதைக் கேட்டுப் பந்தலுக்கு அடியில் நின்ற பெண்கள் கொல்லென்று சிரித்தார்கள். வேலைக்குச் சேர்ந்து மூன்றே மாதம் ஆன அவள், கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு கூச்சத்தோடு நீட்டினாள். ஐந்து விரல், நகக்கண்ணில் கொஞ்சம் மண். எல்லார் கையையும் போலத்தான் அதுவும் இருந்தது.

"எப்படிம்மா இது!" என்று முதலாளி மலைத்துப் போனார்.

மலைக்க வேண்டிய விஷயம்தான். தலைக்கு மேலே கம்பிப் பந்தல் முழுக்கப் பேஷன் ஃப்ரூட் கொடி. அதில் அவள் தொட்ட வரிசைகளில் மட்டும் கோழி முட்டை கோழி முட்டையாகக் காய்கள் தொங்கின. பக்கத்து வரிசையில் வலைவீசித் தேடினாலும் ஒன்றிரண்டு கிடைத்தால் பெரிது.

அந்தப் பூ மத்தியானம் விரிந்து ராத்திரிக்குள் வாடிவிடும். வண்டு வராத தோட்டத்தில் மனுஷர்தான் வண்டாக வேண்டும். ஒரு பூவின் மகரந்தத் தூளைப் பிரஷ்ஷில் எடுத்து இன்னொரு பூவில் தடவ வேண்டும். எட்டுப் பெண்களும் அதைத்தான் செய்தார்கள். நூறு பூவில் மற்றவர்களுக்கு இரண்டு பிஞ்சு நின்றது, இவளுக்கு எண்பது!

முதலாளி மங்குஸ்தான், ரம்புட்டான், டிராகன் பழம் என்று எல்லாம் வளர்த்துப் பார்த்தவர். ஆனால் உயிரை வைத்தது என்னவோ மஞ்சள் பேஷன் ஃப்ரூட் மேல்தான். ஒரே தாய்க் கொடியிலிருந்து துண்டு துண்டாக வெட்டி நட்டுத் தோட்டத்தையே நிரப்பியிருந்தார். அவருடைய அண்ணனுக்கோ சிவப்புத் தோல் ரகம்தான் பழம், மற்றதெல்லாம் குப்பை. எது உசத்தி என்று ஆரம்பித்த பேச்சு பாகப்பிரிவினையில் போய் முடிந்தது. அண்ணன் சிவப்புக் கொடிகளைக் கிளப்பிக்கொண்டு ஆற்றுக்கு அக்கரையில் தோட்டம் போட்டார். அன்றிலிருந்து இருவருக்கும் பேச்சுவார்த்தை கிடையாது.

அதற்கப்புறம் இங்கே இரண்டு வருஷமாகக் காய்ப்பே இல்லை. 'அவன் கண்ணு பட்டுடுச்சு' என்பதுதான் முதலாளியின் ஆராய்ச்சி முடிவு. இந்தப் பருவமும் ஏமாற்றினால் கொடிகளைப் பிடுங்கிப் போட்டுவிட்டுத் தோட்டத்தையே விற்றுவிடுவது என்று மனசைக் கல்லாக்கிக்கொண்டிருந்த நேரத்தில்தான் இவள் வந்து சேர்ந்தாள்.

முதலாளியின் மனைவி முதல் பழத்தை அறுத்து எடுத்து வந்தாள். பந்தல் முழுக்க அந்த வாசம் பரவ, பெண்கள் சிரிப்பை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தார்கள். தங்கத்தைக் கரைத்து ஊற்றியது போல உள்ளே சாறு. ஒரு ஸ்பூன் வாயில் போட்டதும் முதலாளிக்குக் கண் கலங்கிவிட்டது.

"நாளையிலேருந்து மூணு மணிக்கே கிளம்புற கதையெல்லாம் வேண்டாம்மா. இருட்டற வரைக்கும் எல்லா வரிசையும் நீயே தொடு. கேட்ட சம்பளம் தர்றேன்."

"முடியாதுங்க முதலாளி. மூணு மணிக்கு நான் போயே ஆகணும்."

"ஏன்? வீட்டுல கைக்குழந்தையா?"

"அதெல்லாம் இல்லீங்க. நான் போகலேன்னா மறுநாள் இங்கே ஒரு பூகூடப் பிஞ்சாகாது."

"என்னம்மா உளர்றே? இவ்வளவு கைராசியை வெச்சுக்கிட்டு..." என்றாள் மனைவி.

அவள் தயங்கித் தயங்கி இடுப்பிலிருந்து ஒரு சின்ன டப்பாவை எடுத்தாள்.

"கையில ஒண்ணும் இல்லீங்கம்மா. எல்லாம் இதுலதான் இருக்கு. உங்க கொடி அத்தனையும் ஒரே தாய் வயித்துப் பிள்ளைங்க. அதுங்களுக்குள்ளயே தூளை மாத்தி மாத்தித் தடவினா காய்க்காது. வேற ரகத்துத் தூள் வேணும்."

"வேற ரகம் இந்தப் பக்கத்துல ஏது?" என்றார் முதலாளி.

"அக்கரையில இருக்கே, உங்க அண்ணன் தோட்டத்துல. நேத்து சாயங்காலம் எடுத்த தூள்தான் இது."

முதலாளியின் முகம் கறுத்தது. ஸ்பூனைத் தட்டில் போட்டார்.

"அவன் தோட்டத்துத் தூளா? அவனுக்கு மட்டும் தெரிஞ்சா ஊர் பூராவும் சொல்லிச் சொல்லிச் சிரிப்பானே!"

"சிரிக்க மாட்டாருங்க. மூணு மணிக்கு மேல அங்கேதான் எனக்கு வேலை. அங்கேயும் எல்லாக் கொடியும் ஒரே தாய் வயித்துப் பிள்ளைங்கதான். உங்க கண்ணு பட்டுத்தான் ரெண்டு வருஷமா காய்க்கலேன்னு அவரும் புலம்பிக்கிட்டுத்தான் இருந்தாரு. இப்போ நான் தடவுறது உங்க மஞ்சக் கொடித் தூள்னு தெரியாம, என் கையைப் பார்த்து வாயைப் பிளந்துக்கிட்டு நிக்கிறாரு!"