ருசி பார்க்காத காப்ளர்

“காப்ளரோ கோப்ளரோ, பெருமாளுக்குப் படைக்கிற வரைக்கும் யாரும் வாயில வைக்கப்படாது. நல்லா இல்லேன்னா அந்த ஓவனை உங்க அம்மா வீட்டுக்கே அனுப்பிருவேன், ஏட்டி,” என்றார் அத்தை.

ருசி பார்க்காமல் சமைப்பது, கண்ணைக் கட்டிக்கொண்டு கோலம் போடுவது போல.

காப்ளர் என்பது பழத்தின் மேல் மாவு ஊற்றிச் சுடும் வெளிநாட்டு இனிப்பு. செய்முறையில் பீச் பழம் இருந்தது. எனக்குக் கிடைத்தது ராஜபாளையம் சப்பட்டை மாம்பழம். நறுக்கி, சீனியில் புரட்டி வைத்துவிட்டுக் குளிக்கப் போனேன். வந்ததும் மேலே மாவைக் கரைத்து ஊற்றி, ஓவனில் வைத்தேன்.

படைத்து முடித்ததும் என் கணவர் ரங்கநாத், வழித்துத் தின்றுவிட்டு மறுபடியும் கிண்ணத்தை நீட்டினார். ஓவன் பிழைத்தது.

அடுப்படியைத் துடைக்கும்போதுதான் பார்த்தேன். சீனி என்று பழத்தில் கொட்ட நான் திறந்த டப்பாவில் இருந்தது தூள் உப்பு.

“அத்தை, உப்புப் போட்ட பழம் எப்படி இனிச்சுது? பெருமாள் மகிமையா?”

“ஆமா, அவரு வந்து கழுவுனாரு! நாந்தான் கழுவிட்டுச் சீனி போட்டேன்.”

“உப்புன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?”

அத்தை கூடத்தை எட்டிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

“கத்தாதட்டி. ஆண்டாள் சூடிப் பாத்த மாலையே அவருக்குப் பிடிச்சுது. ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பெருமாளுக்கு இதெல்லாம் புதுசா?”