பதினெட்டாம் ஷரத்து

"வட்டி கிடையாதுன்னு ஒப்பந்தத்துலயே எழுதியிருக்குதும்மா. பதினெட்டாம் ஷரத்து. கீழ உங்க வூட்டுக்காரர் கையெழுத்து. இதுக்கு மேல என்ன பேச்சு?"

சாலை கம்பெனி மேனேஜர் சின்னராஜ் தாளை மேசைமேல் தட்டினார். பாலக்கோட்டில் தன் வீட்டில் அவருக்கு எதிரே உட்கார்ந்திருந்த தீர்த்தம்மாள் தாளை எட்டிப் பார்த்தாள்.

"ஆனா நடுவர் குடுத்துட்டாருங்களே சார்..."

"குடுத்தாரு. அதான் தப்பு."

அவள் கணவர் பச்சியப்பன் தொப்பூர்ப் பக்கம் அந்தக் கம்பெனிக்குச் சிறுபாலங்கள் கட்டிக்கொடுத்தவர். பாக்கி பதினாலு லட்சம் வரவேயில்லை. வழக்கு நடுவரிடம் போய் ஐந்து வருடம் இழுத்தது. பச்சியப்பன் பாதியிலேயே கண்ணை மூடிவிட்டார். கடைசியில் நடுவர் அசலோடு, வழக்கு நடந்த காலத்துக்கு வட்டியாக எட்டு லட்சத்து நாற்பதாயிரமும் கொடுக்கச் சொன்னார். ஷரத்து பச்சியப்பன் வாயைத்தான் கட்டியதாம், நடுவர் கையைக் கட்டவில்லையாம்.

சின்னராஜ் பையிலிருந்து இரண்டு கட்டுகளை எடுத்து வைத்தார்.

"இதுல பதினாலு லட்சத்துக்கு செக் இருக்கு. வட்டி வேணாம்னு கையெழுத்து போட்டா இப்பவே உங்களுக்கு. அது, தீர்ப்பை ரத்து பண்ணச் சொல்லி மனு. நீங்க போடலைன்னா நேரா தருமபுரி கோர்ட்டுல கொண்டுபோய்க் குடுத்துருவேன். அப்புறம் ஹைகோர்ட், சுப்ரீம் கோர்ட்... உங்களுக்கு வயசு என்ன?"

"அறுபத்திரண்டுங்க."

"பாத்துக்குங்க."

"கோர்ட்டுன்னு சொல்லாதீங்க சார், பயமா இருக்குது. அசலு பூரா ஜல்லிக்காரருக்கும் சிமென்ட் கடைக்கும் போயிரும். போன வருஷம் நோட்டு செல்லாமப் போனப்ப இந்த வூட்டுப் பத்திரத்தை அடகு வெச்சேன். வட்டி வந்தாத்தான் மீக்க முடியும். இல்லைன்னா தெருவுலதான் நிக்கணும்."

"வருமானம்?"

"மாசம் பென்ஷன் வருதுங்க."

விதவைப் பென்ஷனாகத்தான் இருக்கும், ஆயிரம் ரூபாய். சின்னராஜுக்குத் தெம்பு வந்தது. ஆயிரம் ரூபாய்க்காரி எத்தனை நாள் தாங்குவாள்? சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். மூன்றேகால்.

"சீக்கிரம்மா."

"போட்டுர்றேன் சார். ஒருக்கா படிச்சுக் காட்டுங்க."

படித்தார்.

"இன்னொருக்கா... பயத்துல காது அடைக்குதுங்க."

மறுபடி படித்தார்.

"பக்கத்துக்கு நம்பர் போடலீங்களே? நடுவுல தாளை மாத்திட்டா நான் எங்க போவேன்?"

"நீங்க பயப்படுற பயத்துக்கு, வீட்டுக்கு நாலு பூட்டு போட்டுருப்பீங்க போல!" பல்லைக் கடித்துக்கொண்டு பதினோரு பக்கத்துக்கும் எண் போட்டார்.

பிறகு மூக்குக் கண்ணாடியைக் காணோம். கிடைத்ததும் காபி வந்தது. காபி முடிந்ததும் ஓசூரில் இருக்கும் மகள் கனிமொழிக்கு ஒரு போன். "ஆமாங்கண்ணு, பயமாத்தான் இருக்குது... ஆமா, இங்கதான் உக்காந்திருக்காரு..." பேசி முடித்துப் பேனாவை எடுத்தாள்; அது நழுவி உருண்டு கட்டிலுக்கடியில் போனது. மேனேஜர் மண்டியிட்டு எடுத்துக் கொடுத்தார்.

மணி நான்கு.

"போதும்மா! எனக்கு நேரமில்ல. நான் கோர்ட்டுக்கே போறேன்." மனுவைப் பைக்குள் திணித்து எழுந்தார்.

தீர்த்தம்மாளின் முகம் வெளிறிப்போனது. குரல் உடைந்தது. "ஐயோ சார், போயிராதீங்க! உங்களைக் கும்புடறேன். உக்காருங்க, இதோ போட்டுர்றேன்."

அந்தப் பயம் நடிப்பில்லை என்பது சின்னராஜுக்குத் தெரிந்தது. பேரம் பேசியே தலை நரைத்தவர் அவர். இன்னும் ஒரு அழுத்து, எட்டு லட்சத்து நாற்பதாயிரம் மிச்சம். கையிலிருக்கும் மிரட்டலைச் செலவழிக்க எந்த வியாபாரிக்கு மனசு வரும்? உட்கார்ந்தார்.

அவள் முதல் பக்கத்திலிருந்து விரல் வைத்து, எழுத்துக் கூட்டிப் படிக்கத் தொடங்கினாள்.

ஏழாம் பக்கத்தில் மணி நாலரை. தீர்த்தம்மாள் பேனாவை மூடி வைத்தாள்.

"கையெழுத்து வேணாங்க. இனிமே கெளம்புனாலும் அஞ்சு மணிக்குள்ள பாலக்கோட்டுலருந்து தருமபுரி போய்ச் சேர முடியாது. தக்காளி டிராக்டருங்க ரோட்டை அடைச்சிக்கிற நேரம்."

"அதனால என்ன? நாளைக்குக் குடுப்பேன்!" என்றார். கண் கடிகாரத்துக்குப் போனது.

"நாளைக்கு வாங்க மாட்டாங்க சார். ரத்து மனுவுக்கு, தீர்ப்பு கைக்கு வந்ததுலருந்து மூணு மாசம் கெடு, தாமதத்துக்குக் காரணம் சொன்னா இன்னும் முப்பது நாளு. அதுவும் இன்னியோட முடியுது. அதுக்கு மேல ஜட்ஜு நெனச்சாலும் ஒரு நாள் தர முடியாது."

சின்னராஜ் பையைக் கீழே வைத்தார். "இதெல்லாம் உனக்கு யாரு சொன்னது?"

"யாரும் சொல்லலீங்க. அந்தக் கோர்ட்டுல மனு வாங்குற கவுண்டர்ல முப்பத்தோரு வருஷம் உக்காந்தவ நானு. அதுக்குத்தான் பென்ஷன் வருது." முந்தானையால் நெற்றி வியர்வையைத் துடைத்துக்கொண்டாள். "ஆனா நான் பயந்தது நெசந்தான் சார். நாலு மணிக்கே நீங்க எந்திரிச்சிப் போயிருவீங்களோன்னு."