அவன் முதலில் போகட்டும்

“தாத்தா, அந்தக் கங்காணி தடி இல்லாம நடக்கிறாரு. கடை வாசல்ல ஒக்காந்து ரெண்டு தோசை தின்னாரு. மூணாவதுக்கும் எலையை நீட்டுறாரு,” என்றாள் பூரணி, ஹட்டன் சந்தையில் வாங்கி வந்த பையைக்கூட இறக்கி வைக்காமல்.

கிழவர் பழனியாண்டி கம்பளியை உதறிவிட்டு எழுந்து உட்கார்ந்தார். “மூணு தோசையா? பாவி, அவன் வயிறு வெடிக்க. நீ அந்தக் கஞ்சியக் கொண்டா புள்ள.”

பழைய பகை அது. கிழவரின் ஒரே மகன், பூரணியின் அப்பன், தேயிலை மலையில் சறுக்கி விழுந்து செத்த அன்று பெரிய கங்காணி செல்லசாமி ஓர் ஆளைக்கூட வேலையிலிருந்து விடவில்லை. “கொழுந்து நிறுத்து முடியட்டும், அப்புறம் தூக்குங்க” என்று சொல்லிவிட்டார். அடைமழையில் பொழுது சாயும்வரை பிணம் லயத்து வீட்டு இஸ்தோப்புத் திண்ணையில் கேட்பாரற்றுக் கிடந்தது.

கங்காணியின் பாடை போன பிறகுதான் தன் பாடை என்று அன்றைக்குச் சபதம் போட்டார் பழனியாண்டி. அது போன மறுநாளே நிம்மதியாகக் கண்ணை மூடிவிடப் போவதாக லயம் முழுக்கச் சொல்லியும் வைத்தார். கங்காணி தோட்டத்தை விட்டுவிட்டு ஹட்டனில் மகனுடைய கடையோடு குடியேறிய பிறகும் அந்த ஆத்திரம் ஆறவில்லை.

நெஞ்சுச் சளி முற்றித் தோட்டத்து ஆஸ்பத்திரி டிஸ்பென்சர் கைவிரித்தபோதும் கிழவர் மசியவில்லை. “எமன் வந்தா வாசல்ல நின்னு ஆள் கணக்கெடுக்கிற பெரட்டு வைக்கச் சொல்லு. மொதல்ல அவன் பேரக் கூப்புடட்டும், அப்புறம் எம்பேரக் கூப்புடட்டும்” என்றார்.

பூரணிக்கு அந்தச் சபதத்தை நினைத்தாலே குலை நடுங்கும். அம்மாவும் போய்ச் சேர்ந்துவிட்டாள். அவளுக்கென்று மிச்சம் இருந்தது இந்தத் தாத்தா ஒருவர்தான். அது கிழவருக்கும் தெரியும்.

சந்தைக்குப் போய் வந்தால் கங்காணி சேதிதான் முதலில். முன்பெல்லாம் “படுத்துட்டானா? இழுத்துக்கிட்டுக் கெடக்கிறானா?” என்றுதான் கேட்பார். கொஞ்ச காலமாக, என்ன தின்றான், என்ன உடுத்தினான் என்று கேட்பதோடு சரி. கேட்டுவிட்டு ஒரு பாடு திட்டித் தீர்ப்பார். திட்டி முடித்தால் பசி எடுத்துவிடும்.

இன்றைக்கும் அந்த மூன்று தோசைகளைத் திட்டித் திட்டியே சட்டி நிறையக் கஞ்சியைக் குடித்துவிட்டார். பூரணி முகம் மலர்ந்து, குடத்தை எடுத்துக்கொண்டு பீலிக்குத் தண்ணீர் பிடிக்கப் போனாள்.

அந்த நேரம் பார்த்து வந்து சேர்ந்தார் பழைய கூட்டாளி பொன்னையா. நெற்றி நிறையத் திருநீறு.

“எங்கடா இந்தப் பக்கம்?”

“ஹட்டனுக்குப் போயிட்டு பொகவந்தலாவைக்குத் திரும்புறேண்ணே. எம்மகன் கங்காணி கடையிலதானே வேலைக்கு நிக்கிறான். அவரு செத்து வருஷமாச்சில்ல, இன்னைக்குத் தெவசம். போகாம இருக்க முடியல.”

சொன்ன பிறகுதான் பொன்னையாவுக்குக் கிழவரின் சபதம் நினைவுக்கு வந்தது. நாக்கைக் கடித்துக்கொண்டார். “ஏண்ணே, ஒங்களுக்கு யாரும் சொல்லலையா?”

பழனியாண்டி மெல்லத் தலையை நீட்டி வெளியே எட்டிப் பார்த்தார். இடுப்பில் குடத்தோடு பூரணி மேடேறி வந்துகொண்டிருந்தாள்.

“அன்னைக்கே தெரியும்டா. மெதுவாப் பேசு, பூரணி காதுல விழுந்துரப் போகுது.”