எஸ்பெராண்டோ தெரிந்த இருவர்

அவள் பேசி முடிக்கும்வரை அவன் மேசை விளிம்பையே பார்த்துக்கொண்டிருந்தான்.

நிறையப் பேசினாள். நடுவில் ஒருமுறை குரல் கம்மியது. சமாளித்துக்கொண்டு தொடர்ந்தாள்.

"என்ன சொல்றாங்க?" என்று கேட்டார் திலகவதி மேடம். குடும்ப நீதிமன்றத்து ஆலோசகர்.

"வீட்ல கொஞ்சம் பேச்சு கொறைஞ்சு போச்சுங்கறாங்க மேடம்."

"ஏனுங்க சென்னியப்பன், அவங்க அத்தனை நேரம் பேசினதுக்கு இவ்வளவுதானா?"

அவன் மறுபடி மேசை விளிம்பைப் பார்த்தான்.

கோயம்புத்தூர் முழுக்கத் தேடியும் வேறு மொழிபெயர்ப்பாளர் கிடைக்கவில்லை. பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவன் மனைவி கதலினுக்கு ஊர் ஹங்கேரி. பள்ளியில் படித்தது ரஷ்ய மொழி. ஆங்கிலம் வராது. தமிழில் தக்காளி விலை கேட்பாள், தேங்காய்க்குப் பேரம் பேசுவாள், அதோடு சரி. இருவருக்கும் பொதுவாக இருந்தது எஸ்பெராண்டோ ஒன்றுதான்.

உலகத்தில் யாரும் யாரோடும் சண்டை போட்டுக்கொள்ளக் கூடாது என்று, நூறு வருஷத்துக்கும் முன்னால் ஒரு கண் மருத்துவர் மெனக்கெட்டு உட்கார்ந்து செய்த மொழி.

அதில் கடிதம் எழுதிப் பழகினார்கள். அவள் ஊரில் நடந்த மாநாட்டில் நேரில் பார்த்துக்கொண்டார்கள். கல்யாணமும் அதிலேயே பேசி முடித்தார்கள்.

அந்த மாநாடுகளில் ஒரு வழக்கம் உண்டு. யாராவது பேச்சுவாக்கில் தன் சொந்த மொழிக்குத் தாவிவிட்டால் 'முதலை' என்று கேலி செய்வார்கள். கல்யாணமான புதிதில் இருவரும் அதையே வீட்டுச் சட்டமாக்கிக்கொண்டார்கள். வாசற்படிக்கு உள்ளே தமிழும் கிடையாது, ஹங்கேரியனும் கிடையாது. போவோர் வருவோரிடமெல்லாம் சொல்லிச் சொல்லிப் பூரித்தான்.

அந்தப் பெருமையில் அவளுக்குத் தமிழ் சொல்லித் தராமலே விட்டுவிட்டான்.

வெளியே எல்லாவற்றுக்கும் அவன்தான் வாய். டாக்டரிடம், கேஸ் ஆபீசில், சொந்தக்காரர் வீட்டு விசேஷத்தில். அவன் அம்மா வாய்க்கு வந்தபடி ஏசினால், நீ இளைத்துவிட்டாய் என்று வருத்தப்படுகிறார் என்பான். இவள் பதிலுக்குக் கடுகடுத்தால், காபி நன்றாக இருக்கிறதாம் அம்மா என்பான். குடும்பம் அப்படித்தான் ஓடியது.

வருஷம் ஆக ஆக அலுத்துவிட்டது. இரண்டு பேருக்கும் சேர்த்து ஒருவனே பேசுவது லேசுப்பட்ட காரியம் இல்லை. விலகிவிடலாம் என்று முதலில் சொன்னவனும் அவன்தான். அவள் வெகுநாள் கழித்து, சரி என்றாள்.

இன்று இருவரும் விவாகரத்துக் காகிதத்தில் கையெழுத்துப் போட்டால் முடிந்தது.

"இங்க பாருங்க," என்றார் மேடம். "அவங்க சொல்றாங்க, இவங்க சொல்றாங்கங்கற கதையெல்லாம் வேண்டாம். அவங்க பேசற மாதிரியே, நான்னு வெச்சுச் சொல்லுங்க. ஒண்ணையும் விடாதீங்க."

அவன் தொண்டையைச் செருமிக்கொண்டான்.

"நான் இவரோட இருந்தும் தனியாத்தான் இருக்கேன்."

மேடம் தலையசைத்தார்.

"இவர் பேசலீன்னா அன்னைக்கு என்கூடப் பேச ஆளே இல்லை."

"ம்."

"காய்ச்சல்ல கெடந்தப்ப, எனக்கு எங்க வலிக்குதுன்னு டாக்டருக்குச் சொன்னதும் இவர்தான். பாதியை விட்டுட்டுச் சொன்னார். அவருக்கு ஆபீஸுக்கு நேரமாயிருச்சு."

அவள் இதையெல்லாம் இப்போதுதான் சொல்கிறாள் என்றில்லை. வீட்டில் எத்தனையோ முறை சொன்னவைதான். ஆனால் அந்த மொழியில் சின்ன வயதில் அவனை யாரும் திட்டியதில்லை, கொஞ்சியதுமில்லை. அதில் எதைச் சொன்னாலும் காதோடு நின்றுவிடும். அவன் வாயாலேயே தமிழில் வந்தபோது சுருக்கென்று தைத்தது.

அடுத்த வாக்கியத்துக்கு நேரம் பிடித்தது.

"எனக்கு விட்டுட்டுப் போக மனசில்லை."

மேடம் நிமிர்ந்தார். "இதை அவங்க எப்பச் சொன்னாங்க?"

"அவங்க சொல்லலீங்க மேடம். இது நான்."

மேலே மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது.

"நல்லா இருக்குதுங்க," என்றார் மேடம். "இதை என்கிட்டச் சொல்லி என்ன ஆகப்போகுது? அவங்ககிட்டச் சொல்லுங்க. கூட வர்றேன்னு ஒரு வார்த்தை சொன்னாங்கன்னா, இந்தப் பேப்பரைக் கிழிச்சுப் போட்டுட்டு ரெண்டு பேரும் வீட்டுக்குப் போலாம்."

அவன் திரும்பினான்.

கதலின் காத்துக்கொண்டிருந்தாள். இங்கே என்ன பேசினார்கள் என்று அவன் சொல்வான் என்று, எப்போதும்போல.

வார்த்தைகள் நாக்கில் தயாராக இருந்தன. அந்த மொழியின் இலக்கணத்தில் விதிவிலக்கே கிடையாது. தப்பாகச் சொல்ல வழியில்லை.

பயமாக இருந்தது.

கேட்டால் அவள் பதில் சொல்லிவிடுவாள். அவள் சொல்வதைப் பதமாக்கி அவனுக்குச் சொல்ல இங்கே யாருமில்லை.

தண்ணீர் வேண்டுமா என்று அந்த மொழியில் கேட்டான்.

அவள் கொஞ்ச நேரம் அவன் முகத்தையே பார்த்தாள். பிறகு வேண்டாம் என்று தலையாட்டினாள்.

"கேட்டுட்டீங்களா?" என்றார் மேடம்.

"கேட்டேனுங்க."

மேடம் பெருமூச்சு விட்டார். "பாவம், ரொம்ப நொந்திருக்காங்க." காகிதத்தையும் பேனாவையும் அவள் பக்கம் நகர்த்தினார்.

கதலின் பேனாவை எடுத்தாள். எங்கே போடவேண்டும் என்று அவனிடம் கேட்டாள்.

அவன் விரல் வைத்துக் காட்டினான்.